ஃபில்டரை மாற்றியும் புழுதி குறையாதபோது

மதுரைப் புறவழிச்சாலையை ஒட்டிய நான்கு மாடி ஜவுளிக்கடை ஒன்றின் குளிர்சாதனப் பராமரிப்பு என் பொறுப்பில் இருந்தபோது, சாலைப் புழுதியும் துணிப் பஞ்சும் சேர்ந்து ஏர் ஃபில்டர்களை மூன்றே வாரத்தில் அடைத்துவிடுவது பெரும் தலைவலியாக இருந்தது. தரத்தை உயர்த்தினால் போதும் என்று நம்பி, மெல்லிய தட்டை வடிவ மெர்வ் 13 (துகள்களைப் பிடிக்கும் திறனைக் காட்டும் தர எண்) ஃபில்டரைப் பொருத்தினேன். 0.3 முதல் 1 மைக்ரான் (மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு) வரையிலான துகள்களில் பாதியையாவது அது பிடிக்கும் என்பது உண்மைதான். ஆனால் காற்றோட்டம் குறைந்து, மூன்றாம் மாடியில் புழுக்கம் ஏறியது. சித்திரை மாதத்தில் செய்யத் தகாத சோதனை அது.

மேனோமீட்டரால் ஃபில்டரின் இருபுறமும் அழுத்தத்தை அளந்த பிறகே தவறு விளங்கியது: மெல்லிய ஃபில்டர் காற்றை அதிகமாகத் தடுத்தது. அதே தரத்தில், வடிகட்டும் பரப்பு பல மடங்கு கூடிய ‘வி’ வடிவ ஃபில்டருக்கு மாறினேன். பரப்பு கூடினால் காற்று மெதுவாக ஊடுருவுவதால் தடை குறைகிறது. எங்கள் மோட்டாருக்கு வேகக் கட்டுப்பாட்டுக் கருவி இருந்ததால், அதே அளவு காற்றைக் குறைந்த மின்சாரத்தில் பெற முடிந்தது. பஞ்சைத் தடுக்க, கழுவிப் பயன்படுத்தும் நைலான் வலையை முன்னால் வைத்தேன்.

துகள்களை ஈர்க்க மின்னேற்றத்தை நம்பியிருக்கும் செயற்கை இழை ஃபில்டர்களின் திறன் நாளடைவில் குறையக்கூடும் என்பதால், மின்னேற்றத்தை நீக்கியும் சோதிக்கும் ஐஎஸ்ஓ 16890 என்ற சர்வதேச ஃபில்டர் சோதனைத் தரத்தின்படியான அறிக்கையை விற்பனையாளரிடம் கேட்டு வாங்கினேன். இத்தனைக்கும் பிறகு, ஃபில்டர் சட்டத்தின் ஓரத்தில் விரல் நுழையும் இடைவெளி இருந்ததைக் கண்டேன். வடிகட்டப்படாத காற்று அவ்வழியே போய்க்கொண்டிருந்தது. கேஸ்கெட் ஒட்டி அதை அடைத்தேன். இப்போது நாள் பார்த்து அல்ல, அழுத்தம் பார்த்தே ஃபில்டரை மாற்றுகிறோம்.