மனுவை வாபஸ் வாங்கும்போது சறுக்கும் இடங்கள்

பணியிடை நீக்கத்தை எதிர்த்து ஒருவர் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடுகிறார். அது விசாரணைக்கு வருவதற்குள் துறையே நீக்கத்தை ரத்து செய்து அவரை வேலையில் சேரச் சொல்லிவிடுகிறது. சரி, இனி வழக்கு எதற்கு என்று வக்கீலிடம் வாபஸ் வாங்கச் சொல்லிவிட்டு நிம்மதியாக வேலைக்குப் போகிறார். வெளியே இருந்த மாதங்களுக்குச் சம்பளம் உண்டா, அந்தக் காலம் பணிக்காலத்தில் சேருமா? கைக்கு வந்த உத்தரவில் அதைப் பற்றி ஒரு வரியும் இல்லை.

மனுவின் கடைசியில் இருக்கும் கோரிக்கைப் பத்தியையும் புதிய உத்தரவையும் அருகருகே வைத்துப் படிக்காததுதான் இங்கே நடந்த பிழை. கேட்டதெல்லாம் கிடைத்திருந்தால்தான் மனு 'இன்ஃப்ரக்சுவஸ்', அதாவது பயனற்றுப்போனது. பாதிதான் கிடைத்திருக்கிறதென்றால், மீதிக்காக மனுவைத் திருத்த அனுமதி கேட்கலாம்.

ஆனால் பலரையும் கவிழ்ப்பது வேறொன்று. 1908-ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 23, விதி 1-இன்படி, மறுபடி வழக்குப் போட அனுமதி பெறாமல் ஒரு வழக்கை வாபஸ் வாங்கினால், அதே விஷயத்துக்காகப் புதிய வழக்குப் போட முடியாது. செலவுத்தொகை கட்டும்படி நீதிமன்றம் உத்தரவிடவும் கூடும். ரிட் மனுக்களுக்கும் இதே கொள்கை பொருந்தும் என்று 1986-இல் சர்குஜா டிரான்ஸ்போர்ட் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. சட்டவிரோதமாக அடைத்துவைக்கப்பட்டவரை மீட்கப் போடும் ஆட்கொணர்வு மனு மட்டும் இதில் வேறு கதை, அதற்கு இந்தத் தடை இல்லை. பின்னால் புதிதாக ஒரு பாதகமான உத்தரவு வந்தால், அது தனி வழக்குக் காரணம்தான். இருந்தாலும், இது பழைய விவகாரம் அல்ல என்று வாதாடும் வேலை உங்கள் தலையில் விழும்.

அனுமதி கேட்டாலே கிடைத்துவிடும் என்றும் நினைக்க வேண்டாம். தக்க காரணம் காட்ட வேண்டும். கிடைத்தாலும், வழக்குப் போடுவதற்கான காலவரம்பு நிற்காது. முதல் வழக்கே போடாததுபோலத்தான் நாள் கணக்கு ஓடும். உத்தரவு நகல் வந்ததும், அனுமதி கொடுத்த வரி அதில் இருக்கிறதா என்று பாருங்கள். வெறுமனே 'வாபஸ் பெறப்பட்டதால் தள்ளுபடி' என்றிருந்தால், நீதிமன்றத்தில் வாய்மொழியாக என்ன பேசினார்கள் என்பது பிறகு உதவாது.

'நீங்கள் வாபஸ் வாங்குங்கள், அடுத்த வாரம் செய்து தருகிறோம்' என்று எதிர்த்தரப்பு சொல்வதை நம்பி முந்திக்கொள்வதும் உண்டு. எழுத்தில் உத்தரவு வரும்வரை வாய்தா கேட்பதே என் கட்சி. அவசரம் என்றால், அந்த வாக்குறுதியை நீதிமன்றத்தின் முன்னால் உறுதிமொழியாகப் பதிவு செய்யச் சொல்லுங்கள். வேண்டுமென்றே அதை மீறினால் 1971-ஆம் ஆண்டுச் சட்டப்படி நீதிமன்ற அவமதிப்பு.

தேவை முடிந்துவிட்டதே என்று விசாரணைக்குப் போகாமல் இருப்பவர்களும் இருக்கிறார்கள். எதிர்த்தரப்பு ஆஜராகி உங்கள் சிவில் வழக்கு அப்படித் தள்ளுபடியானால், அதே உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 9, விதி 9 அதே காரணத்துக்கான புதிய வழக்கைத் தடுத்துவிடும்.

சிவில் வழக்கில் சக வாதிகள் இருந்தால், அவர்கள் சம்மதம் இல்லாமல் ஒருவர் மட்டும் வாபஸ் வாங்க நீதிமன்றம் அனுமதிக்க முடியாது. பொதுநல மனுவை, போட்டவர் நினைத்தபடி எடுத்துவிட முடியாது. அப்புறம், இடைக்காலத் தடைக்காக நீதிமன்றத்தில் பணம் கட்டியிருந்தால், அதைத் திருப்பித் தரும்படியும் வாபஸ் வாங்குவதாக நீதிமன்றத்துக்குக் கொடுக்கும் மெமோவிலேயே கேட்டுவிடுங்கள். விட்டுவிட்டால், முடிந்துபோன வழக்கில் அதற்கென்று தனியாக ஒரு மனு போட்டு அலைய வேண்டியிருக்கும்.