தாயில்லாக் குட்டிக்குப் புட்டிப்பால்

சிங்கப்பூரின் லிம் சூ காங் வட்டாரப் பண்ணையில் ஆட்டுக்குட்டிகளைப் பார்த்துவிட்டு வந்தவர்களுக்கு, ஊரில் உறவினர் வளர்க்கும் தாயற்ற குட்டிக்கும் இங்கிருந்தே தொலைபேசியில் யோசனை சொல்லத் தோன்றும். தாராளமாகச் சொல்லுங்கள். ஆனால் முதலில் குட்டியின் வாய்க்குள் விரல் விட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். வாய் குளிர்ந்திருந்தால் பால் கூடாது. துணி சுற்றி, வெந்நீர்ப் புட்டியை அணைத்து வைத்து, உடல் சூடேறிய பிறகே ஊட்ட வேண்டும்.

பிறந்த சில மணி நேரத்துக்குள் சீம்பால் கட்டாயம். அன்று ஈன்ற வேறொரு ஆட்டிடம் கறந்தாலும் சரி. பிறகு 2 கிலோ குட்டிக்கு நாளொன்றுக்கு 200 முதல் 300 மில்லி பால், நான்கைந்து வேளையாகப் பிரித்து, ஆட்டின் உடல் சூட்டில் (சுமார் 39 டிகிரி) கொடுக்கலாம்.

குழந்தையைப் போல மடியில் மல்லாத்தி ஊட்டுவதுதான் பாசக்காரர்களின் வழக்கம். அப்படி ஊட்டினால் பால் நுரையீரலுக்குள் போய்விடக்கூடும். குட்டி நின்றபடி, கழுத்தைச் சற்றே உயர்த்திக் குடிக்கட்டும். புட்டியைக் கவிழ்த்தால் பால் சொட்ட வேண்டும், ஒழுகக் கூடாது. குடித்து முடித்தும் கத்துகிறதே என்று கூடுதலாக ஊற்றினால் கழிச்சல்தான். இரண்டாம் வாரத்திலிருந்து தண்ணீரும் இளந்தழையும் அருகில் வைக்கலாம்.