பழைய ஊமைப்பட வெஸ்டர்ன்களில் நிலத்தகராறு: பார்க்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

வெஸ்டர்ன் என்றால் அமெரிக்க மேற்குப் பகுதியில் நடக்கும் கௌபாய் படம். அதில் நல்லவன் யார், கெட்டவன் யார் என்று பிரித்துவிட்டுத் துப்பாக்கிச் சண்டைக்காகக் காத்திருப்பதுதான் எல்லோரும் செய்யும் முதல் தவறு. தகராறு எதைப் பற்றி என்று பாருங்கள், பல படங்களில் அது தண்ணீர்.

குடியேறுபவர்களுக்கு அரசு நிலம் கொடுத்த அமெரிக்காவின் 1862 ஹோம்ஸ்டெட் சட்டப்படி ஒருவர் 160 ஏக்கர் எடுத்து, ஐந்து வருடம் அங்கேயே குடியிருந்து பயிர் வைத்தால் நிலம் அவருக்குச் சொந்தம். மழை குறைந்த மேற்கில் 160 ஏக்கர் ஒரு மாட்டுப்பண்ணைக்கு எந்த மூலைக்கும் பத்தாது. ஆனால் அது ஓடைக்கரையில் இருந்தால் கதையே வேறு, ஏனென்றால் மாட்டுக்குத் தண்ணீர் காட்ட வேறு வழி இல்லாதவரை சுற்றியிருக்கும் புறம்போக்கு மேய்ச்சல் நிலம் முழுக்க ஓடைக்காரன் கையில்தான். ஜான் ஃபோர்டின் முதல் முழுநீளப் படமான 'ஸ்ட்ரெய்ட் ஷூட்டிங்' (1917) இதைத்தான் காட்டுகிறது. விவசாயிகளைத் தண்ணீர் பக்கமே வரவிடாமல் தடுக்கிறார் பண்ணை முதலாளி, தண்ணீர் எடுக்கப் போன பையன் சுடப்படுகிறான். அந்தப் பையனின் குடும்பத்தை விரட்டக் கூலிக்கு வந்தவராக நடிக்கும் ஹாரி கேரி, மகனைப் புதைத்துவிட்டு அவர்கள் அழுவதைப் பார்த்துத்தான் கட்சி மாறுகிறார். அந்த ஓடையைக் கவனிக்காமல் விட்டால் படத்தில் பாதி போச்சு.

அடுத்தது, ஓட்டப்பந்தயக் காட்சியில் மயங்கி நிலம் சும்மா கிடந்தது என்று நம்பிவிடுவது. வில்லியம் எஸ். ஹார்ட்டின் 'டம்பிள்வீட்ஸ்' (1925) காட்டும் 1893 செப்டம்பர் 16 நில ஓட்டம், அதாவது முதலில் போய்ச் சேர்ந்தவருக்கே நிலம் என்ற பந்தயம், உண்மையில் நடந்தது. குதிரையும் வண்டியும் எல்லைக்கோட்டிலிருந்து பாய்கிற அந்தக் காட்சி இன்றைக்கும் பிரமாதம், அதில் சந்தேகமே இல்லை. ஆனால் அது செரோக்கி என்ற பூர்வகுடி மக்களின் நிலம். பண்ணைக்காரர்கள் அவர்களுக்குக் குத்தகை கட்டித்தான் அங்கே மாடு மேய்த்தார்கள். 1890-இல் அரசு மாடுகளை வெளியேற்ற உத்தரவிட்டதும் குத்தகைப் பணம் நின்றது, அந்த நெருக்கடியில்தான் செரோக்கிகள் நிலத்தை அரசுக்கு விற்க நேர்ந்தது. படத்திலோ, மந்தைகள் போவதைப் பார்த்துத் தொப்பியைக் கழற்றும் கௌபாய்களின் துக்கம்தான் பெரிதாகத் தெரிகிறது. முன்கூட்டியே திருட்டுத்தனமாக நுழைந்து இடம் பிடித்தவர்களைப் படம் வில்லன்களாக்குவதும் இதோடு சேர்ந்ததுதான். கோட்டைத் தாண்டிய நேரம் மட்டுமே தப்பாகிவிடுகிறது, கோட்டைப் போட்டவரை யாரும் கேட்பதில்லை.

சரி, அந்தக் காலத்தில் யாருக்கும் இதெல்லாம் தோன்றவில்லை என்று சாக்குச் சொல்வதும் தவறு. டி.டபிள்யூ. கிரிஃபித்தின் 'ரமோனா' 1910-இலேயே வந்துவிட்டது. வெள்ளையர் பூர்வகுடிகளுக்கு இழைத்த அநீதி என்று துணைத்தலைப்பிலேயே சொல்லும் படம் அது. கீழே பள்ளத்தாக்கில் கிராமம் எரிவதை மலைமேலிருந்து பூர்வகுடி நாயகன் அலெசாண்ட்ரோ பார்க்கும் காட்சியை முதலில் பாருங்கள், அப்புறம் 'டம்பிள்வீட்ஸ்' போடுங்கள்.