வீட்டில் கார் ஸ்கேனர் பயன்படுத்துவோர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஸ்டியரிங்குக்குக் கீழே, வண்டிக் கணினியின் பழுதுத் தகவல்களைப் படிப்பதற்காக உள்ள 16 முனை ஓபிடி இணைப்பில் ஒரு சிறிய ஸ்கேனரைச் செருகினால், இன்ஜின் விளக்கு ஏன் எரிகிறது என்பதற்கான பிழைக் குறியீட்டைக் கைபேசியிலேயே படித்துவிடலாம். சொந்த வண்டியைப் புரிந்துகொள்ள விரும்புபவருக்கு இது அருமையான கருவி. ஆனால் திரையில் வரும் குறியீட்டைப் பழுதான பாகத்தின் பெயராக எடுத்துக்கொண்டு, அந்தப் பாகத்தை உடனே வாங்கி மாட்டிவிடும் பழக்கம் பரவலாக இருக்கிறது. வீட்டுப் பழுதுபார்ப்பில் பணம் வீணாவது பெரும்பாலும் இங்கேதான். இன்ஜினைக் கட்டுப்படுத்தும் கணினி தனக்கு எட்டிய அளவீடு எல்லை மீறியதை மட்டுமே பதிவு செய்கிறது. அது ஏன் மீறியது என்பதை நாம்தான் தேடிக் கண்டுபிடிக்க வேண்டும்.

பெட்ரோல் கார்களில் அடிக்கடி வரும் பி0171 குறியீட்டையே எடுத்துக்கொள்வோம். எரியும் கலவையில் காற்று அதிகமாகவும் எரிபொருள் குறைவாகவும் இருக்கிறது என்பது இதன் பொருள். புகைக்குழாயில் உள்ள ஆக்சிஜன் சென்சார் இந்தத் தகவலைத் தருவதால், பலரும் அந்தச் சென்சாரையே மாற்றிவிடுகிறார்கள். சில நாட்களில் விளக்கு மீண்டும் எரிகிறது. சென்சார் உண்மையைத்தான் சொல்லியிருக்கிறது. காற்று உள்ளே செல்லும் பாதையில் ஒரு ரப்பர் குழாய் வெடித்திருக்கலாம், காற்றளவைச் சென்சாரில் தூசி படிந்திருக்கலாம், எரிபொருள் பம்பின் அழுத்தம் குறைந்திருக்கலாம், இன்ஜெக்டர் அடைத்திருக்கலாம், சென்சாருக்கு முன்னால் புகைக்குழாயிலேயே கசிவு இருக்கலாம்.

இவற்றில் எது காரணம் என்பதை அறியும் வழியும் அதே ஸ்கேனரில் இருக்கிறது. குறியீட்டைப் படித்ததோடு நின்றுவிடாமல், நேரடி அளவீடுகள் பகுதிக்குச் சென்று எரிபொருள் திருத்த அளவை, அதாவது கலவையைச் சரிசெய்யக் கணினி எரிபொருளை எத்தனை சதவீதம் கூட்டுகிறது அல்லது குறைக்கிறது என்பதை, பார்க்க வேண்டும். குறுகிய காலத் திருத்தம், நீண்ட காலத் திருத்தம் என்று இரண்டு எண்கள் அங்கே ஓடிக்கொண்டிருக்கும். இரண்டையும் கூட்டி வருவது ஏறத்தாழ 10 சதவீதத்துக்குள் இருந்தால் கவலையில்லை. ஐடிலில் (ஆக்சிலரேட்டரை மிதிக்காமல் இன்ஜின் ஓடும்போது) 20 சதவீதம் காட்டும் வண்டி, ஆக்சிலரேட்டரை நிமிடத்துக்கு 2500 சுற்றில் நிலையாகப் பிடித்ததும் 4, 5 சதவீதத்துக்கு இறங்கினால், காற்றளவைச் சென்சாருக்குப் பின்னால் எங்கோ காற்று கசிந்து நுழைகிறது என்று ஏறக்குறைய உறுதியாகச் சொல்லலாம். கசிவின் அளவு மாறாதிருக்க, இன்ஜின் இழுக்கும் மொத்தக் காற்று கூடுவதால் அதன் பங்கு சிறுத்துவிடுகிறது. மாறாக, மேடேறும்போதும் வேகமெடுக்கும்போதும் எண் உயர்ந்துகொண்டே போனால், எரிபொருள் வரத்தையோ காற்றளவைச் சென்சாரையோ சந்தேகிக்க வேண்டும். இந்தக் கணக்கு காற்றளவைச் சென்சார் உள்ள வண்டிகளுக்கே பொருந்தும். பல சிறிய கார்களில் அதற்குப் பதிலாக மேனிஃபோல்டின் (சிலிண்டர்களுக்குக் காற்றைப் பிரித்தனுப்பும் குழாயின்) அழுத்தத்தை அளக்கும் மேப் சென்சார்தான் இருக்கிறது. அவற்றில் காற்றுக் கசிவு ஐடில் வேகத்தைத்தான் கூட்டிக் காட்டும், திருத்த எண்ணில் அவ்வளவாகத் தெரியாது. தம் வண்டியில் இருப்பது எது என்று அறியாமல் இணையத்தில் கண்ட விதியை அப்படியே பொருத்துவதும் ஒரு தவறே.

கசிவைத் தேடுவதற்கு இன்ஜின் ஆறியிருக்க வேண்டும். பிரேக் பூஸ்டருக்குச் செல்லும் குழாயையும், கிராங்க் அறையிலிருந்து வரும் காற்றோட்டக் குழாயையும் விரலால் மெல்ல வளைத்துப் பாருங்கள். மேலே பார்த்தால் முழுதாகத் தெரியும் ரப்பர், கிளிப்புக்கு அடியில் வளைக்கும்போது மட்டும் பிளந்து வாய் திறக்கும்.

புகையைச் சுத்திகரிக்கும் கேட்டலிட்டிக் கன்வெர்ட்டர் சரியாக வேலை செய்யவில்லை என்று சொல்லும் பி0420 வந்தவுடன் அந்தக் கன்வெர்ட்டரை மாற்றுவது இன்னும் செலவு மிகுந்த தவறு. புகைக்குழாய்க் கசிவும், கன்வெர்ட்டருக்குப் பின்னால் உள்ள, தளர்ந்துபோன ஆக்சிஜன் சென்சாரும் இதே குறியீட்டைக் கொண்டுவரும். கன்வெர்ட்டர் உண்மையிலேயே கெட்டிருந்தாலும், அதைக் கெடுத்த மிஸ்ஃபயரையோ (சிலிண்டரில் எரிபொருள் சரியாக எரியாமல் போவதையோ) எண்ணெய் எரிதலையோ சரிசெய்யாவிட்டால் புதியதும் கெடும். பி0301 என்றால் முதல் சிலிண்டரில் மிஸ்ஃபயர். ஸ்பார்க் பிளக்குக்கு உயர் மின்னழுத்தம் தரும் காயில், சிலிண்டருக்கு ஒன்றாகத் தனித்தனியே உள்ள வண்டியில், முதல் காயிலையும் இரண்டாம் காயிலையும் இடம் மாற்றி மாட்டி ஓட்டிப் பார்த்தால் போதும். குறியீடு பி0302 என்று மாறினால் காயில்தான் குற்றவாளி, மாறாவிட்டால் பிளக்கையோ இன்ஜெக்டரையோ பார்க்க வேண்டும். இந்தச் சோதனைக்குக் காசு செலவில்லை. ஆனால் இன்ஜின் விளக்கு சிமிட்டிக்கொண்டிருந்தால் ஓட்டிச் சோதிக்கக் கூடாது. எரியாத பெட்ரோல் கன்வெர்ட்டருக்குள் சென்று எரிந்து அதை அளவுக்கு மீறிச் சூடாக்கும் என்பதால், வண்டியை ஓரம்கட்டி நிறுத்திவிடுவதே நல்லது.

எதையும் எழுதி வைக்காமல் குறியீட்டை அழிப்பது அடுத்த பெரிய தவறு. குறியீடு பதிவான கணத்தில் இன்ஜின் சுற்று, வேகம், குளிர்நீர் வெப்பம், சுமை ஆகியவை என்ன என்பதைக் கணினி ஃப்ரீஸ் ஃப்ரேம் என்ற பெயரில் சேமித்து வைத்திருக்கும். பழுது குளிர்ந்த இன்ஜினில் வருகிறதா, நெடுஞ்சாலை வேகத்தில் வருகிறதா என்பதற்கு அதுவே சான்று. அழிக்கும் பொத்தானை அழுத்தினால் இந்தச் சான்றும் போய்விடும். கணினி தானே நடத்தும் தற்சோதனைகளின் முடிவுகளும், பல வண்டிகளில் கணினி கற்றுவைத்திருந்த எரிபொருள் திருத்தமும் சேர்ந்தே அழியும். எனவே முதலில் எல்லாத் திரைகளையும் ஸ்கிரீன்ஷாட் எடுத்துவிடுங்கள். அழித்த பிறகு விளக்கு அணைந்திருப்பதை வைத்துப் பழுது தீர்ந்துவிட்டது என்றும் நம்பக் கூடாது. தற்சோதனைகள் மீண்டும் முடிய, குளிர்ந்த நிலையிலிருந்து கிளப்பி, நகரத்திலும் நெடுஞ்சாலையிலும் சில நாட்கள் ஓட வேண்டியிருக்கும். அதற்குள் நிலுவைக் குறியீடு (இன்னும் உறுதியாகாத பழுதின் குறியீடு) ஏதேனும் தோன்றியிருக்கிறதா என்று பார்த்துக்கொள்வது நல்லது.

ஒரே நேரத்தில் ஏழெட்டுக் குறியீடுகள் வந்து, ஏபிஎஸ், ஸ்டியரிங், கியர்பாக்ஸ் எல்லாம் கெட்டுவிட்டதுபோல் தோன்றினால், முதலில் பேட்டரியைப் பாருங்கள். நிறுத்திவைத்த வண்டியில் சுமார் 12.6 வோல்ட்டும், ஓடும்போது பெரும்பாலும் 13.5 முதல் 14.7 வோல்ட்டும் இருக்க வேண்டும். மின்னழுத்தம் சரியும்போது கணினிகள் ஒன்றோடொன்று பேச முடியாமல், யூ என்ற எழுத்தில் தொடங்கும் தொடர்புக் குறியீடுகளை வரிசையாகப் பதிவு செய்துவிடும். டெர்மினலில் பூத்திருக்கும் வெள்ளைப் படிவமும் தளர்ந்த எர்த் வயரும் இதைச் செய்யப் போதுமானவை. மழைக்காலத்தில் எலி பானட்டுக்குள் புகுந்து வயரைக் கடித்திருக்கிறதா என்பதையும், எந்தச் சென்சாரையும் வாங்குவதற்கு முன் பார்த்துவிட வேண்டும்.

கருவி வாங்குவதிலும் கவனம் தேவை. மலிவான ஸ்கேனர்களில் பெரும்பாலானவை கனடாவின் ஈஎல்எம் நிறுவனம் உருவாக்கிய ஈஎல்எம்327 சிப்பின் நகல்கள். 1.5 என்ற பதிப்பு எண்ணோடு விற்கப்படுபவை பல. அந்நிறுவனம் அப்படி ஒரு பதிப்பை வெளியிட்டதே இல்லை. இன்ஜின் குறியீட்டைப் படிக்க அவை உதவக்கூடும். ஏபிஎஸ், ஏர்பேக் பகுதிகளைப் பல நகல்கள் எட்டாது. எனவே ஸ்கேனர் ஒன்றும் காட்டவில்லை என்பதால் வண்டியில் ஒன்றும் இல்லை என்று முடிவு கட்டக் கூடாது. பி1 எனத் தொடங்கும் குறியீடுகளின் பொருளைத் தயாரிப்பு நிறுவனங்கள் தாமே வகுக்கின்றன. ஒரு நிறுவனத்தின் விளக்கத்தை இன்னொன்றின் வண்டிக்குப் பொருத்தினால் தேடல் முழுவதும் திசைமாறிவிடும்.

இணைப்பின் 16ஆம் முனையில் சாவியை எடுத்த பிறகும் பேட்டரி மின்சாரம் இருக்கும். ஸ்கேனரை அதிலேயே விட்டுவிட்டு வாரக்கணக்கில் வண்டியை நிறுத்தினால் பேட்டரி இறங்கிவிடலாம். வேலை முடிந்ததும் கழற்றிவிடுங்கள். ஓடும் வண்டியின் அளவீடுகளைப் பார்க்க வேண்டுமென்றால் பக்கத்தில் இன்னொருவர் அமர்ந்து பார்க்கட்டும். மூடிய ஷெட்டுக்குள் இன்ஜினை ஓடவிட்டுச் சோதிப்பது உயிருக்கே ஆபத்து. கார்பன் மோனாக்சைடுக்கு மணம் கிடையாது.

ஏர்பேக் விளக்கு எரிந்தால் வீட்டு வேலையைக் குறியீட்டைப் படிப்பதோடு நிறுத்திக்கொள்ள வேண்டும். மஞ்சள் நிற இணைப்பிகளைக் கழற்றி மல்டிமீட்டரில் தடையை அளக்க முயல்பவர்கள் இருக்கிறார்கள். மீட்டர் செலுத்தும் சிறு மின்னோட்டமே பையை வெடிக்கச் செய்யும் அபாயம் உண்டு. அந்த வேலையைப் பட்டறையிடம் ஒப்படைத்து, எடுத்துவைத்த ஸ்கிரீன்ஷாட்டுகளையும், விளக்கு எப்போது, எந்த நிலையில் எரிந்தது என்ற குறிப்பையும் மெக்கானிக்கிடம் கொடுங்கள்.