கல்வெட்டு நிறுத்திய இடத்திலிருந்து: வாழ்க்கை வரலாற்று நாவலில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

காட்டுமன்னார்கோயில் உடையார்குடியிலுள்ள அனந்தீசுவரர் கோயிலில், ராஜராஜ சோழனின் 2ஆம் ஆட்சியாண்டைச் சேர்ந்ததென்று அறிஞர்கள் கொள்ளும் ஒரு கல்வெட்டு இருக்கிறது. பாண்டியனைத் தலைகொண்ட கரிகால சோழனைக் கொன்ற துரோகிகள் என்று சோமன், ரவிதாசன், பரமேசுவரன் ஆகியோரைப் பெயர் சொல்லிச் சுட்டும் அந்தக் கல்வெட்டு, அவர்களுக்கும் அவர்களுடைய உறவினர்களுக்கும் உரிய நிலங்களை என்ன செய்வது என்பதைப் பற்றியே கவலைப்படுகிறது. ராஜராஜனின் அண்ணனான அந்த ஆதித்த கரிகாலனின் கொலை எங்கே நடந்தது, எப்படி நடந்தது, யார் தூண்டினார்கள் என்பதற்கு அதில் விடை இல்லை.

அந்த மௌனத்தில்தான் கல்கி தம் 'பொன்னியின் செல்வன்' நாவலில் நந்தினியைக் கொண்டுவந்து நிறுத்தினார். அது நாவலாசிரியரின் உரிமை. அவர் அதை மிகத் திறமையாகவும் செய்தார். ஆனால் நந்தினியும் பூங்குழலியும் ஆழ்வார்க்கடியானும் சோழர் காலத்தில் உண்மையிலேயே வாழ்ந்தவர்கள் என்று நம்பும் வாசகர்கள் இன்றும் ஏராளம். வாசகர் அப்படி நம்புவதில் பெரிய தீங்கில்லை. அடுத்த நாவலை எழுத உட்காருபவரும் அப்படி நம்பத் தொடங்கினால்தான் சிக்கல். உண்மையில் வாழ்ந்த மனிதர்களைப் பற்றிய நாவல்களில் நான் காணும் பிழைகளில் பெரும்பாலானவை இங்கிருந்தே கிளைக்கின்றன: ஆவணம் எதுவரை பேசுகிறது, எந்த இடத்தில் வாய் மூடிக்கொள்கிறது என்ற எல்லையை எழுதுபவர் தமக்காகவேனும் குறித்து வைத்துக்கொள்வதில்லை. வந்தியத்தேவன் பெயரை எடுத்துக்கொள்ளுங்கள். குந்தவை வல்லவரையர் வந்தியத்தேவரின் தேவி என்பது தஞ்சைக் கல்வெட்டில் உள்ள செய்தி. அவனுடைய குறும்பும் துடுக்கும் பசியும் ஒரு நாவலாசிரியரின் கொடை. புதிதாக எழுதுபவர் முதலாவதைத் தாராளமாக எடுத்துக்கொள்ளலாம். இரண்டாவதை எடுத்தால் அவர் வரலாற்றிலிருந்து எடுக்கவில்லை, இன்னொருவரின் கதையிலிருந்து எடுக்கிறார்.

முந்தைய புனைவையே மூலமாகக் கொள்ளும் இந்தத் தவறு கட்டபொம்மன் விஷயத்தில் இன்னும் வெளிப்படையாகத் தெரிகிறது. 1959இல் வெளிவந்த திரைப்படத்தின் வசனங்கள் தமிழர் காதில் அவ்வளவு ஆழமாகப் பதிந்துவிட்டதால், ஜாக்சன் துரையுடன் நடந்த சந்திப்பை எழுதும் எவரும் அந்த வசனத்தின் சந்தத்திலிருந்து தப்புவது கடினம். ஆனால் எழுதுபவர் தேடிப் படித்திருக்க வேண்டியது வேறொன்று. 1799 அக்டோபர் 16 அன்று கயத்தாற்றில் கட்டபொம்மனைத் தூக்கிலிட உத்தரவிட்ட மேஜர் பானர்மேன், விசாரணை நடந்த விதத்தைப் பற்றிக் கம்பெனி அரசுக்குக் கடிதம் எழுதினார். விசாரணை நடந்த நேரம் முழுவதும் கட்டபொம்மன் அஞ்சாமலும் அலட்சியமாகவும் நின்றார் என்றும், எட்டயபுரம் பாளையக்காரரை அடிக்கடி வெறுப்போடு பார்த்தார் என்றும், தூக்குமரத்தை நோக்கி உறுதியாக நடந்துபோகையில் இருபுறமும் நின்ற பாளையக்காரர்களை ஏளனமாகப் பார்த்துச் சென்றார் என்றும் அதில் சொல்கிறார். அவரைக் கொன்ற எதிரி தம் மேலிடத்துக்கு அனுப்பிய அலுவல் கடிதம் அது. புகழ்ந்து எழுத வேண்டிய தேவை அவருக்கு இல்லை. ஒரு வசனமும் இல்லாத அந்தப் பார்வை எந்த வசனத்தையும்விடக் கனமானது. கூடியிருந்த மற்றப் பாளையக்காரர்கள் அந்தப் பார்வையை எதிர்கொண்டார்களா, தலை குனிந்தார்களா, அன்றிரவு தம் வீடு திரும்பி என்ன பேசினார்கள் என்பதை ஆவணம் சொல்லவில்லை. நாவல் தொடங்க வேண்டிய இடம் அதுதான். எட்டயபுரத்தாரை வெறும் காட்டிக்கொடுத்தவராக மட்டும் காட்டிவிட்டு நகர்வது, கம்பெனிக்கும் நவாபுக்கும் பக்கத்துப் பாளையத்துக்கும் நடுவே சிக்கி நின்ற ஒரு சிற்றரசரின் கணக்குகளைப் புரிந்துகொள்ளும் வாய்ப்பைத் தாமே வீணடிப்பதாகும்.

அடுத்தது மொழி. அரசர் வாய் திறந்தாலே அடைமொழிகள் கொட்ட வேண்டும் என்றும், 'அடியேன் சித்தம்', 'ஆணையிடுங்கள் சக்கரவர்த்தி' என்றெல்லாம் பேசினால்தான் காலம் பழையதாகும் என்றும் ஓர் எண்ணம் நம்மிடையே வேரோடியிருக்கிறது. தஞ்சைப் பெரிய கோயிலில் ராஜராஜன் தன் கொடைகளைக் கல்லில் வெட்டச் சொன்ன வாசகத்தைப் பாருங்கள்: 'நாங் குடுத்தனவும் அக்கன் குடுத்தனவும் நம் பெண்டுகள் குடுத்தனவும் மற்றும் குடுத்தார் குடுத்தனவும்' வெட்டுக என்கிறது அது. முன்னால் வரும் மெய்க்கீர்த்தி, அதாவது மன்னன் புகழ் பாடும் முகப்பு வாசகம், 'திருமகள் போல' என்று அலங்காரமாகத் தொடங்குவது உண்மைதான். ஆனால் அலங்காரம் முடிந்து காரியம் தொடங்கியவுடன் மன்னனின் சொல், அக்கனை அக்கன் என்றும் கொடுத்ததைக் குடுத்தது என்றும் சொல்லும் பேச்சுக்கு எவ்வளவு பக்கத்தில் வந்துவிடுகிறது! மெய்க்கீர்த்தியின் நடையை வீட்டுக்குள்ளும் படுக்கையறைக்குள்ளும் கொண்டுபோகும் நாவல்களில் பாத்திரங்கள் எல்லாரும் ஒரே குரலில் பேசுகிறார்கள். இதற்கு நேர்மாறான பிழையும் உண்டு. சோழ இளவரசன் 'பரவாயில்லை, விடு' என்று பேசும்போது வாசகர் சட்டென்று பேருந்து நிலையத்துக்கு வந்துவிடுகிறார். எளிமையான, ஆனால் இன்றைய காலத்து முத்திரை விழாத சொற்களைத் தேர்வதற்குப் பல நூறு கல்வெட்டு வரிகளைச் சும்மா படித்துக்கொண்டிருப்பதைத் தவிர வேறு வழி எனக்குத் தெரியவில்லை.

பொருள்களில் நேரும் காலவழுவை, அதாவது ஒரு காலத்தில் இல்லாததை அங்கே கொண்டுபோய் வைப்பதை, எல்லாரும் சுட்டிக்காட்டுவார்கள் என்பதால் அதைச் சுருக்கமாகவே சொல்கிறேன். மிளகாய், தக்காளி, உருளைக்கிழங்கு, நிலக்கடலை, கொய்யா, பப்பாளி, புகையிலை ஆகிய அனைத்தும் அமெரிக்கக் கண்டங்களிலிருந்து வந்தவை. வாஸ்கோ ட காமா கோழிக்கோட்டுக்கு வந்த 1498க்கு முன்னால் நம் அடுப்படியில் காரம் என்றால் மிளகுதான். தஞ்சைப் பெரிய கோயிலில் நந்தியின் முன்னால் நின்று ராஜராஜன் கோபுரத்தை அண்ணாந்து பார்ப்பதாக எழுதுபவர்கள், இன்று அங்கிருக்கும் பெரிய நந்தியும் சுப்பிரமணியர் சன்னிதியும் நாயக்கர் காலத்தவை என்பதை நினைவில் கொள்வது நல்லது. அக்கோயிலை அவன் ராஜராஜீசுவரம் என்றுதான் அழைத்தான். பிரகதீசுவரர் என்பது பின்னாளில் வந்த பெயர். பட்டப்பெயர்களிலும் இதே கவனம் வேண்டும். ராஜராஜன் என்ற பெயர் முடிசூட்டலுக்குச் சில ஆண்டுகள் கழித்தே கல்வெட்டுகளில் இடம்பெறத் தொடங்குகிறது. ராஜேந்திரனைக் கங்கைப் படையெடுப்புக்கு முன்பே கங்கைகொண்டான் என்று யாரும் விளித்திருக்க முடியாது.

இவற்றைவிட நுட்பமான காலவழு ஒன்று உண்டு. அதை எந்தக் கல்வெட்டறிஞரும் வந்து திருத்தித் தர மாட்டார். தன் எதிர்காலத்தை முன்னரே அறிந்தவனைப் போல நாயகன் நடந்துகொள்வதைச் சொல்கிறேன். ஆதித்த கரிகாலன் ஏறத்தாழ 969இல் இறந்தான். பின்னாளில் ராஜராஜன் ஆன அவன் தம்பி அருள்மொழி 985இல்தான் அரியணை ஏறினான். நடுவில் ஏறக்குறைய 15 ஆண்டுகள் உத்தம சோழன் ஆண்டான். அந்த ஆண்டுகளில் அருள்மொழி என்பவன் அண்ணனை இழந்த, தந்தையையும் இழந்த, சிற்றப்பன் ஆட்சியில் காத்திருந்த ஓர் இளவரசன், அவ்வளவுதான். உத்தம சோழனுக்கும் ஒரு மகன் இருந்தான். தன் முறை ஒருநாள் வரும் என்று அருள்மொழிக்கு எப்படி உறுதியாகத் தெரிந்திருக்கும்? குடிகள் அவனையே அரசனாக வேண்டியபோதும், சிற்றப்பனுக்கு ஆசை இருக்கும்வரை தனக்கு நாடு வேண்டாம் என்று அவன் ஒதுங்கியதாகத் திருவாலங்காட்டுச் செப்பேடு சொல்கிறது. அந்தச் செப்பேடு அவன் மகன் ராஜேந்திரனின் ஆட்சியில், அரசவைப் புலவரால் எழுதப்பட்டது என்பதை மறந்துவிட்டு அதை அப்படியே காட்சியாக்கினால், நமக்குக் கிடைப்பது தியாகத் திருவுருவம். மறக்காமல் எழுதினால், விட்டுக்கொடுத்தவனா, விட்டுக்கொடுக்க வைக்கப்பட்டவனா என்ற கேள்வியோடு வாழ்ந்த ஒரு மனிதன் கிடைப்பான். பெரும்பாலான நாவல்கள் இந்த ஆண்டுகளை 'காலம் உருண்டோடியது' என்று ஒரே வரியில் தாண்டிவிட்டுப் போர்க்களத்துக்கு ஓடுகின்றன. எனக்கு அந்தப் போர்களைவிட அந்தக் காத்திருப்பே நாவலுக்குரியதாகத் தோன்றுகிறது.

சோழர் காலத்தில் ஆவணம் குறைவு என்பது சிக்கல் என்றால், ஆனந்தரங்கப் பிள்ளையின் காலத்தில் ஆவணம் மிகுதி என்பதே சிக்கல். பாண்டிச்சேரியில் பிரெஞ்சு கவர்னர் துய்ப்ளேயின் துபாஷியாக, அதாவது மொழிபெயர்ப்பாளராகவும் தரகராகவும் இருந்த அவர் 1736இல் தொடங்கி 1761 ஜனவரியில் இறக்கும்வரை நாட்குறிப்பு எழுதினார். அந்த மாதமே பாண்டிச்சேரி ஆங்கிலேயரிடம் வீழ்ந்தது. வணிகம், வதந்தி, சோதிடம், கவர்னர் வீட்டுப் பேச்சு எனக் கிடைத்ததையெல்லாம் அவர் எழுதி வைத்திருப்பதால், அதைப் பார்க்கும் நாவலாசிரியருக்கு இரண்டு ஆசைகள் வருகின்றன. சேகரித்த தகவல் எதையும் விட மனமில்லாமல் அனைத்தையும் நாவலுக்குள் திணிப்பது ஒன்று. அதனால் பக்கங்கள் துணி மூட்டைகளின் கணக்காலும் மரியாதைக்குச் சுட்ட பீரங்கிக் குண்டுகளின் எண்ணிக்கையாலும் நிரம்பிவிடும். மற்றொன்று, நாட்குறிப்பாளரை நடுநிலைச் சாட்சி என்று நம்பிவிடுவது. தமக்கு முன் தலைமைத் துபாஷியாக இருந்த கனகராய முதலியாரைப் பற்றியோ துய்ப்ளேயின் மனைவியைப் பற்றியோ பிள்ளை எழுதுவதைப் போட்டியாளரின் வார்த்தையாகவே படிக்க வேண்டும். 1748இல் வேதபுரீசுவரர் கோயில் இடிக்கப்பட்டதை அவர் எழுதியிருக்கும் பகுதியை வாசிக்கும்போது, என்ன நடந்தது என்பதோடு, தாம் அதில் எப்படித் தெரிய வேண்டும் என்று அவர் விரும்பினார் என்பதையும் சேர்த்துப் படிக்க வேண்டும். இந்த இரண்டாவது வாசிப்பில்தான் பிள்ளை பாத்திரமாகிறார்.

நாடகத்துக்காகக் காலத்தைச் சுருக்குவதும் பலர் அறியாமலே செய்யும் பிழை. பாரதியை யானை மிதித்துக் கொன்றது என்று நம்புபவர்கள் இன்றும் இருக்கிறார்கள். 1921இல் திருவல்லிக்கேணி பார்த்தசாரதி கோயில் யானை அவரைத் தாக்கியது உண்மை. ஆனால் அவர் அதிலிருந்து தேறி, ஈரோடு கருங்கல்பாளையத்துக்குச் சென்று மனிதனுக்கு மரணமில்லை என்ற பொருளில் பேசிவிட்டுத் திரும்பினார். செப்டம்பரில் அவர் உயிரைப் பறித்தது வயிற்றுக் கோளாறு. யானையோடு கதையை முடிப்பவர் ஒரு பெருங்காட்சியைப் பெறுகிறார். அதற்கு விலையாக, அடிபட்ட உடலோடு ரயிலேறிப் போய் மரணமில்லை என்று பேசிய மனிதரை இழக்கிறார். பிறப்பிலிருந்து இறப்புவரை ஆண்டுவாரியாக எழுதுவதும் இதே இழப்பில் வேறொரு வழியாகக் கொண்டுபோய் விடும்; ஒரு வாழ்வை முழுதும் சொல்ல முயலும் நாவலில் எந்த நாளுமே முழுதாக வாழப்படுவதில்லை.

கடைசியாக, நூலின் பின்னுரை. எது சான்று, எது கற்பனை என்பதை இரண்டு பக்கங்களிலாவது சொல்லாமல் விடுவது தவறு. 'வரலாற்றை அடிப்படையாகக் கொண்ட கற்பனை' என்ற ஒற்றை வரியைப் போட்டுத் தப்பிப்பதும் ஏறக்குறைய அதே தவறுதான். ரவிதாசனின் பெயர் உடையார்குடிக் கல்வெட்டில் உள்ளது, அவன் உரைக்கும் சபதம் என்னுடையது என்ற அளவுக்கு வெளிப்படையாக எழுதினால் போதும். அதை முன்னுரையாக வைக்க வேண்டாம். வைத்தால், கதை படிக்கும்போதே வாசகர் கல்லையும் கற்பனையையும் பிரித்துக்கொண்டிருப்பார். நாவலை முடித்துவிட்டு, இவன் உண்மையில் இருந்தானா என்று அவர் கடைசிப் பக்கத்தைப் புரட்டும்போது அது அங்கே இருக்கட்டும்.