படம் பொருந்திவிட்டால் பெயர் கிடைத்துவிட்டதா? கள வழிகாட்டி வாங்கியவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

குளிர்காலத்தில் காவேரிப்பாக்கம் ஏரிக்கரைக்குப் பறவை பார்க்கப் புதியவர்களை அழைத்துப் போவது வழக்கம். இந்த முறையும் ஆளுக்கொரு கள வழிகாட்டியோடு, அதாவது படம் பார்த்து உயிரினங்களை அடையாளம் காண உதவும் புத்தகத்தோடு, வந்திருந்தார்கள். கரையோரத்தில் ஒரு வெண்கொக்கு சேற்றைக் கிளறிக்கொண்டிருந்தது. ஒரு காலை மெல்லத் தூக்கியது. கால் கறுப்பு, விரல்கள் மட்டும் மஞ்சள் பூசியதுபோல் இருந்தன. சின்னக் கொக்கு என்று சொல்ல அந்த ஒரு நொடி போதும். ஆனால் வந்தவர்களில் பாதிப் பேர் அந்த நொடியில் குனிந்து பக்கம் புரட்டிக்கொண்டிருந்தார்கள். நிமிர்ந்தபோது கொக்கு போய்விட்டது. "வெள்ளையாக இருந்தது, எது என்று தெரியவில்லை" என்றார்கள். நம் ஏரிகளில் வெள்ளைக் கொக்கு மட்டும் நான்கு வகை. நிறத்தை மட்டும் வைத்துக்கொண்டு என்ன செய்வது?

சத்தம் போடாதீர்கள், பளிச்சென்ற சட்டை வேண்டாம், தண்ணீர் எடுத்து வாருங்கள் என்பதெல்லாம் யாரும் சொல்லாமலே தெரிந்தவை. அவற்றை விட்டுவிடுகிறேன். புத்தகத்தைப் பயன்படுத்தும் விதத்தில் திரும்பத் திரும்பப் பார்க்கும் தவறுகளை மட்டும் சொல்கிறேன்.

வேறு நாட்டுப் புத்தகம்

பழைய புத்தகக் கடையில் மலிவாகக் கிடைத்தது என்று ஐரோப்பியப் பறவைக் கையேட்டோடு வருகிறவர்கள் உண்டு. அதில் ராபின் என்றால் செம்மார்புப் பறவை. வேலூரைச் சுற்றியுள்ள பாறைக் குன்றுகளில் வாலைத் தூக்கிக்கொண்டு திரியும் நம் ராபின், அதாவது ஆண் கருஞ்சிட்டு, ஏறக்குறைய உடலெல்லாம் கறுப்பு. சிவப்பு வாலடியில்தான் இருக்கும்.

இந்தியக் கையேடாக இருந்தாலும் கவனம் வேண்டும். வட இந்தியாவின் ஆண் கருஞ்சிட்டுக்கு முதுகு பழுப்பு, தென்னிந்தியாவின் ஆணுக்கு முதுகும் கறுப்பு. புத்தகத்தில் பெரிதாக வரைந்திருப்பது வடக்கத்திப் பறவையாக இருந்தால், கண்ணெதிரே நிற்பதைப் பார்த்துவிட்டு "இது அதுவல்ல" என்று அடுத்த பக்கத்துக்குப் போய்விடுவார்கள். படத்தின் ஓரத்தில் எந்தப் பகுதிக்குரியது என்று சிறிய எழுத்தில் போட்டிருப்பார்கள். அதைப் படியுங்கள்.

ஒரே பக்கம், ஒரே அளவு

சிப்பி, சங்குக் கையேடுகளில் இது பெரிய தொல்லை. இரண்டு சென்டிமீட்டர் சோழியும் இருபது சென்டிமீட்டர் சங்கும் பக்கத்தில் ஒரே அளவில் அச்சாகியிருக்கும். படத்துக்குக் கீழே இருக்கும் எண்ணைப் பாருங்கள். பையில் ஓர் அடிக்கோல் இருக்கட்டும்.

படம் பொருந்தியதும் நிறுத்திவிடுவது

மற்ற தவறுகளால் ஒரு பெயர் பிழையாகும், அவ்வளவுதான். இந்தத் தவறால் உயிர் போகலாம். எத்தனை முறை சொன்னாலும் இதையே செய்கிறார்கள் என்பதால் இதைப் பற்றிப் பேசும்போது எனக்குப் பொறுமை இருப்பதில்லை.

காட்பாடிப் பக்கம் ஏரியை ஒட்டிய குடியிருப்பு. நல்ல மழைக்காலம். இரவில் குளியலறையில் ஒரு பாம்பு, உடலில் வெள்ளை வளையங்கள். அந்த வீட்டுக் கல்லூரி மாணவர் ஆர்வமுள்ள பிள்ளை, பாம்புக் கையேடு ஒன்று வைத்திருந்தார். புரட்டினார். வெள்ளை வளையங்களோடு ஒரு படம், கீழே "விஷமற்றது, பல்லிகளைத் தின்னும், வீடுகளுக்குள் வரும்" என்று இருந்தது. வெள்ளிக்கோல் வரையன். எல்லாம் பொருந்துகிறதே என்று புத்தகத்தை மூடிவிட்டு, பாம்பைக் கையால் பிடித்து டப்பாவில் போட்டு, காலையில் எனக்குப் படம் அனுப்பினார். "விஷமில்லாததுதானே, சார்?"

படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தேன். உடல் நீலம் கலந்த கறுப்பு. தலைக்குப் பின்னால் கொஞ்ச தூரம் வளையமே இல்லை. அதற்கப்புறம் மெல்லிய வெள்ளைக் கோடுகள் இரண்டிரண்டாகத் தொடங்கி, வாலை நோக்கிப் போகப்போகத் தெளிவாகின. முதுகின் நடுவரிசைச் செதில்கள் மற்றவற்றைவிடப் பெரிதாக, அறுகோணமாக இருந்தன. கட்டுவிரியன். அந்தப் பிள்ளையை அது கடிக்கவில்லை. கட்டுவிரியன் பகலில் சுருண்டு கிடக்கும், இரவில்தான் துடிப்போடு திரியும். அவர் அதைப் பிடித்தது இரவில்.

இரண்டு பக்கம் தள்ளிக் கட்டுவிரியனின் படமும் அதே கையேட்டில் இருந்தது. வெள்ளிக்கோல் வரையன் பக்கத்தின் அடியிலேயே "கட்டுவிரியனோடு குழப்பிக்கொள்ள வேண்டாம்" என்றும் அச்சிட்டிருந்தார்கள். அந்தப் பத்தியை அவர் படிக்கவில்லை. புத்தகத்தின்மேல் குற்றமில்லை. பாதியில் மூடியதுதான் குற்றம்.

இரண்டையும் எப்படிப் பிரிப்பது? வெள்ளிக்கோல் வரையன் பெரும்பாலும் பழுப்பு. வளையங்கள் கழுத்துப் பக்கம் அகலமாகத் தொடங்கி வால் பக்கம் மங்கிப்போகும். முதுகின் நடுவரிசைச் செதில்கள் மற்றவை போலவேதான் இருக்கும். கட்டுவிரியனில் இவையெல்லாம் தலைகீழ்.

இதை மனப்பாடம் செய்துகொண்டு வளையம் எங்கே தொடங்குகிறது என்று மட்டும் பார்ப்பவர்களும் ஏமாறுவார்கள். கட்டுவிரியன் குட்டிக்கு வளையங்கள் கழுத்தருகிலேயே தெரியலாம். வயதான கட்டுவிரியனில் கோடுகள் உடைந்து புள்ளிகளாகிவிடும். குட்டியின் நீளமும் வெள்ளிக்கோல் வரையனின் நீளமும் ஏறத்தாழ ஒன்றுதான். ஆகவே ஓர் அடையாளத்தை மட்டும் நம்பக் கூடாது. நிறம், வளையத்தின் போக்கு, செதில் என்று மூன்றும் ஒரே பக்கம் சாய வேண்டும். ஒன்று முரண்டினாலும் பெயர் இன்னும் கிடைக்கவில்லை என்றுதான் கொள்ள வேண்டும்.

அதற்காகச் செதிலைப் பார்க்கப் பக்கத்தில் போகாதீர்கள். தள்ளி நின்று படம் எடுத்து, பிறகு பெரிதாக்கிப் பாருங்கள். பெயர் உறுதியாகாத பாம்பை விஷப்பாம்பு என்றே வைத்துக்கொண்டு, அறைக் கதவைச் சாத்திவிட்டுத் தீயணைப்பு நிலையத்தையோ வனத்துறையையோ கூப்பிடுங்கள்.

கட்டுவிரியன் கடியில் பல சமயம் வலியே இருக்காது, கடித்த இடமும் தெரியாது. தரையில் படுத்துத் தூங்குபவரைக் கடித்தால் அவருக்குத் தூக்கமே கலையாமல் இருக்கலாம். விடியற்காலையில் வயிற்று வலி, பிறகு கண் இமைகள் தொங்குவது, பேச்சுக் குழறுவது என்று வரும். உடனே மருத்துவமனைக்குப் போக வேண்டும். நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கின் கடிக்கும் ஒரே விஷமுறிவு மருந்துதான் கொடுக்கிறார்கள். அதனால் பெயர் தெரிந்துகொள்வதற்காகப் பாம்பைத் தேடி நேரத்தைக் கழிக்க வேண்டியதில்லை. அந்த மருந்து தயாரிக்க விஷம் எடுத்துக் கொடுப்பவர்களில் முக்கியமானவர்கள் 1978இல் தொடங்கிய வடநெம்மேலி இருளர் பாம்புபிடிப்போர் கூட்டுறவுச் சங்கத்தினர். தலைமுறை தலைமுறையாகப் பாம்போடு வாழ்கிறவர்கள் காட்டும் எச்சரிக்கையை, போன வாரம் புத்தகம் வாங்கியவர் காட்டாமல் இருப்பதை என்னால் ஏற்க முடியவில்லை.

எந்த உயிராக இருந்தாலும் வழி ஒன்றுதான். ஒரு படம் பொருந்தியவுடன் "இதைப் போலவே வேறு எது இருக்கும்?" என்று கேளுங்கள். "ஒத்த இனங்கள்" என்ற பத்தியை முதலில் படியுங்கள். பிறகு, பொருந்துவதைத் தேடுவதை விட்டுப் பொருந்தாததைத் தேடுங்கள்.

ஆணும் பெண்ணும் ஒன்றுபோல் இருக்கும் என்று நினைப்பது

வீட்டுக் கறிவேப்பிலைச் செடியில் முட்டையிட வரும் காமன் மார்மன் பட்டாம்பூச்சியின் பெண்ணுக்கு மூன்று உருவம். ஒன்று ஆணைப் போலவே இருக்கும். ஒன்று காமன் ரோஸ் பட்டாம்பூச்சியைப் போலவும், இன்னொன்று கிரிம்சன் ரோஸைப் போலவும் வேடம் போட்டிருக்கும். ரோஸ் வகையின் புழுக்கள் ஆடுதீண்டாப்பாளை போன்ற கொடிகளைத் தின்று அதன் நஞ்சை உடலில் சேர்த்துக்கொள்வதால் பறவைகள் அவற்றைத் தொடுவதில்லை. அந்தப் பாதுகாப்பு வேடம் போட்டதற்கும் கிடைத்துவிடுகிறது. இறக்கையை மட்டும் பார்த்தால் நிச்சயம் ஏமாறுவீர்கள். உடலைப் பாருங்கள். சிவப்பென்றால் ரோஸ், கறுப்பென்றால் மார்மன்.

செயலி சொன்ன பெயர்

அது ஒரு யோசனை. தீர்ப்பு அல்ல.

இடம் எழுதாமல் பொறுக்கி வருவது

விடுமுறைக்கு மாமல்லபுரமோ புதுச்சேரியோ போய்விட்டு, பை நிறையச் சிப்பிகளோடு வேலூர் திரும்பி, ஒரு மாதம் கழித்துக் கையேட்டை எடுக்கிறார்கள். எந்தக் கடற்கரை, எப்போது, மணலா பாறையா என்று எதுவும் நினைவில் இருப்பதில்லை. வெயிலில் கிடந்த சிப்பி வெளுத்திருக்கும், அலையில் உருண்டது தேய்ந்திருக்கும். புத்தகத்தின் வண்ணம் அதில் கிடைக்காது. நிறத்தை மறந்துவிட்டு வாயின் வடிவத்தையும் சுற்றுகளையும் பாருங்கள். சோழியின் இளம்பருவம் இன்னும் சிக்கல். ஓடு மெல்லியதாக, வாய் அகன்று, உதட்டில் பல் இல்லாமல் இருப்பதால், சோழிப் பக்கத்தையே திறக்க மாட்டார்கள்.

உள்ளே உயிர் இருந்தால் எடுக்காதீர்கள். கூம்பு வடிவச் சங்குகளுக்கு ஈட்டி போன்ற நச்சுப் பல் உண்டு. சில வகைகளின் குத்து ஆளையே கொல்லும். கூடு காலியாக இருந்தாலும் எல்லாவற்றையும் கொண்டுவரலாம் என்பதில்லை. ராட்சதச் சிப்பி, நாட்டிலஸ் போன்றவை 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் பட்டியலில் 2001இல் சேர்க்கப்பட்டவை.

"வேலூர் மாவட்டம்" என்று மட்டும் குறிப்பது

பழைய பதிவுகளில் "வட ஆற்காடு" என்று இருக்கும். 1989இல் திருவண்ணாமலைப் பகுதி அதிலிருந்து தனி மாவட்டமானது. எஞ்சிய பகுதி பின்னாளில் வேலூர் மாவட்டம் என்று பெயர் பெற்றது. 2019இல் வேலூரிலிருந்து இராணிப்பேட்டையும் திருப்பத்தூரும் பிரிந்தன. காவேரிப்பாக்கம் ஏரி இப்போது இராணிப்பேட்டையில் இருக்கிறது. ஜவ்வாது மலையோ ஒன்றுக்கு மேற்பட்ட மாவட்டங்களில் பரந்து கிடக்கிறது. மாவட்டப் பெயரை மட்டும் எழுதிவைத்தால், பத்து ஆண்டு கழித்து அந்தப் பறவையை எங்கே பார்த்தீர்கள் என்று உங்களுக்கே தெரியாது. ஊர்ப் பெயரும் ஏரிப் பெயரும் எழுதுங்கள். கரையா, நடுத் தண்ணீரா, வயலா என்பதையும் தேதியையும் நேரத்தையும் சேர்த்து, புத்தகத்தைத் திறப்பதற்கு முன்பே எழுதிவிடுங்கள்.