ஜேம்ஸ் ஐவரி படங்களை எந்த வரிசையில் பார்ப்பது?

அமெரிக்க இயக்குநர் ஜேம்ஸ் ஐவரி என்றதும் என் மைத்துனர் கேட்பார்: "எல்லாரும் தொப்பி போட்டுக்கொண்டு டீ குடிப்பார்களே, அந்த ஆள்தானே?" அவரைக் குறை சொல்ல முடியாது. யாரோ அவரை நேராக ஆஸ்கர் வாங்கிய படத்தின் முன்னால் உட்காரவைத்துவிட்டார்கள். எதில் தொடங்குவது, எதைத் தள்ளிப்போடுவது, எதைக் கவனிப்பது என்று தெரிந்துகொண்டு போனால் டீக்கோப்பை அவ்வளவாகக் கண்ணில் படாது.

வீட்டு பிளான் போட்டுக் கொடுப்பது என் தொழில். அதனால் நான் சொல்லும் வழியும் அந்தப் பக்கமாகத்தான் போகும். ஐவரிக்கும் அந்த வாசனை உண்டு. 1928-இல் கலிஃபோர்னியாவின் பெர்க்லியில் பிறந்து, ஓரிகன் மாநிலத்தில் கிளாமத் ஃபால்ஸ் என்ற ஊரில் வளர்ந்தவர். அப்பா மரம் அறுக்கும் மில் நடத்தினார். மகன் ஓரிகன் பல்கலைக்கழகத்தில் கட்டடக்கலையும் நுண்கலையும் படித்துவிட்டு அப்புறம்தான் சினிமாவுக்கு வந்தார். அவர் படம் பார்க்க உட்காரும்போது ஒரு தாளும் பென்சிலும் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். கதையில் வரும் வீட்டைத் தோராயமாகக் கிறுக்குங்கள். இது யார் பெயரில் இருக்கும் வீடு, யார் இங்கே ஒண்டியிருக்கிறார்கள், யாருக்கு எந்த வாசல் என்று குறித்துக்கொண்டே போனால் பாதிக் கதை பிடிபட்டுவிடும்.

முதல் படம் இந்தியாவில் எடுத்ததாக இருக்கட்டும். 1963-இல் வந்த 'தி ஹவுஸ்ஹோல்டர்' தான் அவருடைய முதல் கதைப்படம். புதிதாகக் கல்யாணமான ஒரு வாத்தியார், டெல்லியில் வாடகைக்குக் குடியிருக்கிறார். சம்பளத்தைக் கூட்டச் சொல்லிக் கேட்க வேண்டும், இல்லாவிட்டால் வாடகையைக் குறைக்கச் சொல்ல வேண்டும். இரண்டுக்கும் வாய் வராது. சசி கபூரும் லீலா நாயுடுவும் நடித்தது. ஒளிப்பதிவு சத்யஜித் ராயின் ஆஸ்தான ஒளிப்பதிவாளர் சுப்ரத மித்ரா. படத்தை ராயிடம் காட்டியபோது அவரே எடிட்டிங்கில் கைவைத்து, கதை முழுவதையும் ஃப்ளாஷ்பேக்காகச் சொல்வதாக மாற்றிக் கொடுத்தார். முதல் படத்துக்கு இப்படி ஒரு கை கிடைப்பது கொடுப்பினைதான். இதையே இந்தியிலும் எடுத்தார்கள். நீங்கள் ஆங்கிலத்திலேயே பாருங்கள்.

இந்தப் படத்தின் மூலக்கதை ரூத் ப்ராவர் ஜாப்வாலாவின் நாவல். இந்த அம்மாளைத் தெரிந்துகொள்ளாமல் ஐவரியிடம் போகக் கூடாது. ஜெர்மனியின் கொலோனில் யூதக் குடும்பத்தில் பிறந்து, 1939-இல் நாஜிகளிடமிருந்து தப்பி இங்கிலாந்து போய், ஒரு பார்சி கட்டடக் கலைஞரை மணந்து 1951-இல் டெல்லிக்கு வந்தவர். ஐவரியோடு கூட்டுச் சேர்ந்த தயாரிப்பாளர் இஸ்மாயில் மெர்ச்சண்ட் பம்பாய்க்காரர். அமெரிக்கர் ஒருவர், பம்பாய் முஸ்லிம் ஒருவர், எந்த நாட்டுக்கும் முழுசாகச் சொந்தமில்லாத எழுத்தாளர் ஒருவர். இவர்கள் ஆங்கிலேயப் பிரபுக்களின் வரவேற்பறையைக் காட்டும்போது அது உள்ளே பிறந்தவர்களின் பார்வையாக இருக்க முடியாது. அதை மனத்தில் வைத்துக்கொண்டால் பிற்காலப் படங்கள் வேறு மாதிரி தெரியும். (புக்கர் பரிசும் ஆஸ்கரும் இரண்டும் வாங்கிய ஒரே ஆள் ரூத்தான் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.)

அடுத்து 'ஷேக்ஸ்பியர் வாலா', 1965. ஊர் ஊராகப் போய் ஷேக்ஸ்பியர் நாடகம் போடும் ஆங்கிலேயக் குடும்பம். சுதந்திரத்துக்குப் பிறகு அழைப்பவர்கள் குறைந்துவிட்டார்கள். இதற்கு பிளான் போட முடியாது, அவர்களுக்கு வீடே கிடையாது. அறை, ரயில், மேடை, மறுபடி அறை. நாடகத் தம்பதியாக நடித்த ஜெஃப்ரி கெண்டலும் லாரா லிடெலும் நிஜத்திலும் அப்படியொரு நாடகக் குழுவை நடத்தியவர்கள். சசி கபூர் காதலிக்கும் பெண்ணாக வரும் ஃபெலிசிட்டி, நிஜ வாழ்க்கையில் அவருடைய மனைவியின் தங்கை. இசை ராய். சினிமா நடிகையாக வந்து நாடகத்தின் நடுவே பால்கனியில் அமர்க்களம் பண்ணும் மதுர் ஜாஃப்ரிக்கு பெர்லின் விழாவில் சிறந்த நடிகை விருது கிடைத்தது. அந்த ஒரு காட்சிக்காகவே இதைச் சிபாரிசு செய்வேன்.

நேரம் இருந்தால் இங்கேயே 1983-இல் வந்த 'ஹீட் அண்ட் டஸ்ட்'டையும் பார்த்துவிடுங்கள். தபலா ஜாகிர் உசேன் அதில் ஒரு முக்கியமான வேடத்தில் நடித்திருக்கிறார் என்பது பலருக்குத் தெரியாது.

இப்போது இங்கிலாந்துக்குப் போகலாம். ஈ.எம். ஃபார்ஸ்டரின் மூன்று நாவல்களை ஐவரி படமாக்கினார். வந்த வரிசையிலேயே பாருங்கள். 'எ ரூம் வித் எ வியூ' (1985) லேசான படம், பாதி ஃப்ளோரன்ஸ் நகரில் நடக்கிறது. கதையே அறை தகராறில்தான் தொடங்குகிறது. ஆற்றைப் பார்த்த அறை தருவதாகச் சொல்லி, முற்றத்தைப் பார்த்த அறையைக் கொடுத்துவிடுகிறார்கள். அறையை மாற்றிக்கொள்ள முன்வரும் அப்பாவும் மகனும் 'நம்மவர்கள்' இல்லை. மைத்துனரைப் போன்றவர்களை மறுபடி அழைத்துவர இதைத்தான் போட வேண்டும், சிரிப்புக்குக் குறைவில்லை. 'மாரிஸ்' (1987) இரண்டு ஆண்களின் காதல் கதை. அது குற்றமாக இருந்த காலத்தின் இங்கிலாந்து. ஜன்னல்களைக் கவனியுங்கள்: ஒருவன் ஏணி வைத்து ஏறி உள்ளே வருகிறான், இன்னொருவன் கடைசியில் ஜன்னல் கதவுகளைச் சாத்துகிறான். இதற்கு ரூத் திரைக்கதை எழுதவில்லை, ஐவரியே இன்னொருவரோடு சேர்ந்து எழுதினார்.

மூன்றாவது 'ஹவர்ட்ஸ் எண்ட்' (1992). அந்தத் தலைப்பே ஒரு வீட்டின் பெயர்தான். சாகும் தறுவாயில் ஒரு அம்மாள் தன் வீட்டை ஒரு சிநேகிதிக்கு என்று பென்சிலால் எழுதிவைக்கிறாள். குடும்பம் கூடி உட்கார்ந்து பேசி, அந்தச் சீட்டை நெருப்பில் போடுகிறது. சொத்துத் தகராறு பார்த்து வளர்ந்த நமக்கு இதை யாரும் விளக்க வேண்டியதில்லை. எம்மா தாம்சனுக்கும் ரூத்துக்கும் கலை இயக்கத்துக்கும் ஆஸ்கர் கிடைத்தது. ஐவரிக்கு இல்லை. இயக்குநருக்காக மூன்று முறை பரிந்துரைக்கப்பட்டும் ஒரு முறைகூட அவர் வாங்கவில்லை. படம் 2016-இல் 4கே தரத்தில் புதுப்பிக்கப்பட்டது. முடிந்தால் அந்தப் பிரதியைத் தேடுங்கள். தொடக்கத்தில் வரும் அந்திநேரத் தோட்டம் பழைய பிரதிகளில் வெறும் இருட்டுதான்.

'தி ரிமெய்ன்ஸ் ஆஃப் தி டே' (1993) கடைசியில் வரட்டும். முந்தைய படத்தின் ஜோடியான ஆன்டனி ஹாப்கின்ஸும் எம்மா தாம்சனும்தான் இதிலும். ஒரு பிரபுவின் மாளிகையில் தலைமைப் பணியாள், வீட்டு நிர்வாகப் பெண். பிரபு நாஜிகளோடு சமாதானம் பேசிக்கொண்டிருக்கிறார், இவர் வெள்ளிப் பாத்திரம் பளபளக்கிறதா என்று பார்த்துக்கொண்டிருக்கிறார். மாடியில் சொந்த அப்பா இறந்துவிட்டார் என்ற செய்தி வந்தபிறகும் கீழே விருந்தினர்களைக் கவனிக்கிறார். இங்கே மட்டும் பிளான் வரைய முயலாதீர்கள், பொருந்தாது. டைரம் பார்க், பவுடர்ஹாம் கோட்டை, கோர்ஷம் கோர்ட், பாட்மின்டன் ஹவுஸ் என்று நான்கு மாளிகைகளை ஒட்டவைத்து ஒரே வீடாகக் காட்டியிருக்கிறார்கள். மாடிப்படி ஒரு ஊரில், நூலகம் இன்னொரு ஊரில். அதற்குப் பதிலாகக் கதவுகளை எண்ணுங்கள். இவர் தட்டாமல் நுழையும் அறை எது, தட்டிவிட்டு நிற்பது எங்கே, அவள் இவருடைய அறைக்குள் வரும்போது எவ்வளவு தூரம் வருகிறாள். இவர் கையிலிருக்கும் புத்தகத்தை அவள் விரல் விரலாகப் பிரித்து எடுக்கும் காட்சியில் இருவருக்கும் நடுவே இருக்கும் இடைவெளியைப் பாருங்கள். அவள் அழுதுகொண்டிருக்கும்போது இவர் உள்ளே வந்து ஒரு மூலையில் தூசி இருப்பதைப் பற்றிச் சொல்லிவிட்டுப் போகிறாரே, அதுதான் ஐவரி. கத்துவதற்கு ஆயிரம் காரணம் இருக்கும், ஒருவரும் கத்த மாட்டார்கள்.

நாவலை முன்னால் படிப்பதா, பின்னால் படிப்பதா என்று கேட்பார்கள். பின்னால்தான். படித்துவிட்டுப் போனால் விட்டுப்போனதையே தேடிக்கொண்டிருப்போம். படம் பார்த்த சூட்டில் படித்தால், ரூத் எதைத் தூக்கி எறிந்தார், எந்த நாலு பக்கத்தை ஒரு பார்வையாக மாற்றினார் என்று தெரியும். சப்டைட்டில் போட்டுக்கொள்ளுங்கள், அதில் கௌரவக் குறைச்சல் ஒன்றுமில்லை. அந்தக் கால ஆங்கிலத்தில் அவமானப்படுத்துவதுகூட மரியாதையாக இருக்கும், காதில் நழுவிப்போகும்.

இங்கிலாந்து போரடித்தால் 'மிஸ்டர் அண்ட் மிஸஸ் பிரிட்ஜ்' (1990). கான்சஸ் சிட்டியில் ஒரு வக்கீல் குடும்பம். பால் நியூமனும் அவருடைய நிஜ மனைவி ஜோன் வுட்வர்டும். சூறாவளி வரும்போது எல்லாரும் கீழ்த்தளத்துக்கு ஓட, வக்கீல் மட்டும் சாப்பாட்டை முடிக்காமல் எழ மாட்டார்.

மெர்ச்சண்ட் 2005-இல் இறந்தார், ரூத் 2013-இல். அதற்கப்புறம் ஐவரி திரைக்கதை எழுதி வேறொருவர் இயக்கிய 'கால் மீ பை யுவர் நேம்' படத்துக்காக 2018-இல், தன் 89-ஆம் வயதில், ஒருவழியாக ஆஸ்கர் வாங்கினார். அதைப் பார்ப்பதாக இருந்தால் 'மாரிஸ்' பார்த்த கையோடு பாருங்கள்.

தள்ளிவைக்க வேண்டியவையும் உண்டு. 'ஜெஃபர்சன் இன் பாரிஸ்' உடைக்காகப் பார்க்கலாம், அவ்வளவுதான். 'சர்வைவிங் பிக்காசோ'வில் பிக்காசோவின் ஓவியங்களைக் காட்டவே அனுமதி கிடைக்கவில்லை. ஹாப்கின்ஸ் இருந்தும் ஒப்பேறவில்லை. 'ஸ்லேவ்ஸ் ஆஃப் நியூயார்க்' எங்கள் வீட்டில் யாரும் முடிவுவரை பார்த்ததில்லை.